பில்லோ கோட்டையும் படைத்தலைவனின் பொறுப்பும்



வட அமெரிக்காவில் மிஸிஸிப்பி என்னும் பேராற்றின் கிழக்குக் கரையில், மெம்ஃபிஸ் நகரத்துக்கு வடக்கே ஏறத்தாழ 40 மைல் தொலைவில், செங்குத்தான மேடு ஒன்றின்மீது முன்னாளில் ஒரு மண்கோட்டை இருந்தது. அதற்குப் பில்லோ கோட்டை என்று பெயர். 1864-ஆம் ஆண்டு ஏப்ரல் திங்கள் 12-ஆம் நாள் காலையில் அக்கோட்டைக்குள் ஏறத்தாழ 600 போர்வீரர் இருந்தனர். சற்றேறக்குறையப் பாதிப்பேர் கறுப்பினத்தார். அவர்களிற் பெரும்பாலோர் அண்மைக்காலம் வரை அடிமைகளாய் வாழ்ந்தவர்கள். அன்று மாலைக்குள் கோட்டை வீழ்ந்தது. உள்ளிருந்தோரில் பாதிக்குச் சற்றே குறைவானவர் மாண்டனர். போர்க்களத்தில் வீரர் மாள்வது புதுமையன்று. ஆனால் இவர்களிற் பலர் துப்பாக்கியைக் கீழே போட்டுவிட்டுக் கைகளை உயர்த்தியபின் கொல்லப்பட்டார்கள். அவர்களைக் கொல்லும்படி ஆணையிட்டவர் யார்? எழுத்தில் ஆணையே இல்லையெனில், தலைமை தாங்கிய தளபதிக்குப் பொறுப்பும் இல்லையா? இவ்வினாவைத்தான் இன்று உங்கள்முன் வைக்க விரும்புகிறேன்.

முப்பத்தைந்து ஆண்டுகள் சரித்திரம் கற்பித்தவன் நான். நாங்கள் கையாண்ட பாடநூல்களில் ஆபிரகாம் லிங்கனுக்கு ஒரு பத்தி உண்டு. அவர் அடிமைகளை விடுவித்தார் என்று அது கூறும். விடுவிக்கப்பட்டவர்கள் தாமே படையிற் சேர்ந்து தம் விடுதலைக்காகப் போர் புரிந்தார்கள் என்பதை அப்பத்தி கூறுவதில்லை. தானமாகப் பெற்ற விடுதலை என்றே மாணவர் எண்ணிக்கொள்வர். உண்மை வேறு. போர் முடிவதற்குள் லிங்கனின் தரைப்படையில் பணியாற்றிய கறுப்பர் தொகை ஏறத்தாழ 1,80,000. இந்த எண்ணை மனத்திற் கொண்டு மேலே கேளுங்கள்.

அமெரிக்க உள்நாட்டுப் போர் 1861-ஆம் ஆண்டு ஏப்ரல் 12-ஆம் நாள் தொடங்கியது. பில்லோ கோட்டைப் படுகொலை அதே நாளில், மூன்றாண்டுகள் கழித்து நடந்தது. அடிமை முறையைக் கைவிட மனமில்லாத தென் மாகாணங்கள் பதினொன்று பிரிந்து தனியரசு அமைத்தன; ஐக்கியத்தைக் காப்பதற்காக வட மாகாணங்கள் போரிட்டன. 1863-ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் வெளிவந்த விடுதலைப் பிரகடனம், கறுப்பரைப் படையிற் சேர்க்கவும் வழிதிறந்தது. தென்னவர் இதை எப்படிப் பொறுப்பர்? நேற்றுவரை தம் பருத்தி வயலில் உழைத்த அடிமை, இன்று நீலச்சட்டை அணிந்து துப்பாக்கியுடன் எதிரே நிற்கிறான். அவனைப் போர்வீரன் என்று ஒப்புக்கொண்டால், அவனை மனிதன் என்றும் ஒப்புக்கொண்டதாகிவிடும். ஆகவே தென்னரசின் சட்டசபை 1863 மே மாதத்தில் ஒரு தீர்மானம் நிறைவேற்றியது. பிடிபடும் கறுப்பினத்தார் போர்க்கைதிகளாக நடத்தப்படார்; அந்தந்த மாகாணத்தின் சட்டப்படி நடவடிக்கைக்கு ஒப்படைக்கப்படுவர். அவர்களுக்குத் தலைமை தாங்கும் வெள்ளை அதிகாரிகளுக்கு மரண தண்டனையும் விதிக்கலாம். அடிமைகளைக் கலகத்துக்குத் தூண்டியவர்கள் என்பது அவ்வதிகாரிகள்மீது சாட்டப்பட்ட குற்றம்.

வடவர் பக்கத்தில் அதே ஆண்டு ஏப்ரல் மாதம் வேறொரு நூல் எழுந்தது. பிரான்ஸிஸ் லீபர் என்ற பேராசிரியர், ஜெர்மனியிற் பிறந்து அமெரிக்காவிற் குடியேறியவர், 157 விதிகள் கொண்ட போர்ச்சட்டத் தொகுப்பொன்றை இயற்றினார். லிங்கனின் அரசு அதைத் தன் படைக்குரிய ஆணையாகவே வெளியிட்டது. போர்முறையில் நிறவேற்றுமை என்பது இல்லை என்று அத்தொகுப்புத் தெளிவாகக் கூறுகிறது. எதிரிக்கு உயிர்ப்பிச்சை அளிப்பதில்லை என்று முன்கூட்டியே முடிவுசெய்வது தவறு என்கிறது. செயலற்றுக் கிடக்கும் எதிரியைக் கொல்பவனுக்கு மட்டுமன்றி, கொல்ல ஆணையிடுபவனுக்கும், கொல்லும்படி ஊக்குபவனுக்கும் மரண தண்டனை என்று விதிக்கிறது. ஆணையிடுதல் ஒன்று, ஊக்குதல் மற்றொன்று; இரண்டையும் லீபர் தனித்தனியே சொன்னார் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். புறமுதுகிட்டு ஓடுவோர்மீது வாள் ஓச்சாத மறத்தை நம் இலக்கண நூலார் தழிஞ்சி என்று துறை வகுத்துப் போற்றினார்கள். அவர்கள் புகழ்ச்சிக்குரியதாகச் சொன்னதை லீபர் சட்டத்துக்குரியதாக ஆக்கினார் எனலாம்.

1863 சூலை 30-ஆம் நாள் லிங்கனும் ஓர் ஆணை பிறப்பித்தார். போர்முறைக்கு மாறாக ஐக்கியப் படைவீரன் ஒருவன் கொல்லப்பட்டால், தென்னவர் கைதி ஒருவன் கொல்லப்படுவான்; ஐக்கிய வீரன் ஒருவன் அடிமையாக்கப்பட்டால், தென்னவர் கைதி ஒருவன் கடுங்காவலில் உழைப்பான் என்பது அவ்வாணை. எழுதுவது எளிதாயிற்று. நிறைவேற்றுவது எத்தகையது என்பதைப் பின்னர்க் காண்போம்.

இனிப் பில்லோ கோட்டைக்கு வருவோம். தாக்க வந்த குதிரைப்படைக்குத் தலைவர் நேதன் பெட்ஃபோர்டு ஃபாரஸ்ட். போருக்கு முன் மெம்ஃபிஸ் நகரில் அடிமை வாணிகம் செய்து பெரும்பொருள் ஈட்டியவர், படைப்பள்ளியிற் பயிலாதவர், சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்து மேஜர் ஜெனரல் பதவிக்கு உயர்ந்தவர். திறமையில் அவருக்கு நிகர் தென்னவரிடையே சிலரே. பகைவரும் அதை மறுத்ததில்லை. கோட்டைக்குள் தலைமை தாங்கியவர் மேஜர் பூத். கறுப்பினப் பீரங்கிப் படையினரோடு அவர் அங்கு வந்து இரண்டு வாரமே ஆகியிருந்தது. அவரோடு இருந்த மற்றொரு மேஜர் பிராட்ஃபோர்டு. இவருடைய வீரர்கள் டென்னஸி மாகாணத்து வெள்ளையர். பிறந்த மாகாணம் பிரிந்து போனபோதும் ஐக்கியத்தின் பக்கம் நின்றவர்கள். தென்னவர் கண்ணில் இவர்கள் வீட்டைக் காட்டிக்கொடுத்த துரோகிகள். ஆகவே கோட்டைக்குள் இருந்த இரு திறத்தாரும் தனிப்பட்ட வெறுப்புக்கு ஆளானவர்களே.

விடியற்காலையில் தாக்குதல் தொடங்கியது. தாக்கியவர் தொகை 1,500-க்குக் குறையாது. காலை ஒன்பது மணியளவில் மேஜர் பூத் குறிபார்த்துச் சுடப்பட்டு இறந்தார். பிராட்ஃபோர்டு தலைமை ஏற்றார்; ஆனால் பூத் இறந்த செய்தியைப் பகைவர் அறியலாகாதென்று இறந்தவர் பெயராலேயே கையொப்பமிட்டு வந்தார். பத்து மணியளவில் ஃபாரஸ்ட் வந்துசேர்ந்தார். நிலப்பாங்கைச் சுற்றிப் பார்க்கையில் அவர் ஏறியிருந்த குதிரை சுடப்பட்டு விழுந்தது. பிற்பகல் மூன்றரை மணிக்கு வெள்ளைக்கொடியுடன் தூதர் சென்றனர். சரணடைந்தால் அனைவரும் போர்க்கைதிகளாக நடத்தப்படுவர். மறுத்தால், உங்கள் படைக்கு நேரும் கதிக்கு நான் பொறுப்பாளியாக இயலாது என்பது ஃபாரஸ்ட் அனுப்பிய செய்தியின் சாரம். பிராட்ஃபோர்டு ஒருமணி நேரம் அவகாசம் கேட்டார். இருபது நிமிடமே தரப்பட்டது. அவர் சரணடைய மறுத்தார்.

எக்காளம் ஒலித்தது. தாக்கியவர்கள் சிறிது நேரத்தில் சுவர் ஏறி உள்ளே குதித்தனர். காவலர் மேட்டுச்சரிவு வழியே ஆற்றை நோக்கி ஓடினர். ஆற்றில் நின்ற பீரங்கிப் படகு தம்மைக் காக்கும் என்று அவர்கள் நம்பியிருந்தனர்; படகு உதவவில்லை. மேலிருந்தும் இரு பக்கங்களிலிருந்தும் குண்டுகள் பாய்ந்தன. ஓடியவரும் சுடப்பட்டனர், நின்று கைதூக்கியவரும் சுடப்பட்டனர், நீரில் இறங்கியவரும் சுடப்பட்டனர்.

சரித்திரம் பயில்வோர் உணர்ச்சியை மட்டும் நம்பலாகாது, கணக்கையும் பார்க்கவேண்டும். இங்கே கணக்கு வாய்திறந்து பேசுகிறது. அக்காலத்துப் போர்களில் இறந்தவர் ஒருவருக்குக் காயம்பட்டவர் நால்வர் அல்லது ஐவர் என்பது வழக்கமான விகிதம். பில்லோ கோட்டையிலோ காயத்தோடு தப்பியவரைவிட மாண்டவர் மிகுதி. சிம்பிரிச், மெயின்ஃபோர்ட் என்னும் ஆராய்ச்சியாளர் இருவர் 1980-களில் படைப்பதிவேடுகளைப் பெயர் பெயராக ஒப்புநோக்கினார்கள். மாண்டவர் 277-க்கும் 297-க்கும் இடைப்பட்டவர் என்றும், கறுப்பினத்தாரில் நூற்றுக்கு 64 பேர் மாண்டனர் என்றும், வெள்ளையரில் நூற்றுக்கு 31 முதல் 34 பேர் மாண்டனர் என்றும் அவர்கள் கண்டனர். ஒரே கோட்டை, ஒரே சுவர், ஒரே வேளை. சாவு மட்டும் இருமடங்கு. குண்டுக்கு நிறம் தெரியாது, சுட்டவனுக்குத் தெரிந்திருந்தது. கைதிகளாக நடத்திச் செல்லப்பட்ட 226 பேரில் கறுப்பர் 58 பேரே. தாக்கிய பக்கத்தில் மாண்டவர் 14 பேர் என்பது பொதுவாக ஒப்புக்கொள்ளப்பட்ட கணக்கு.

ஃபாரஸ்டின் பொறுப்பு யாது? இங்கேதான் வழக்கு கடினமாகிறது. கடைசித் தாக்குதலில் அவர் முன்னின்று செல்லவில்லை. சுமார் 400 கெஜ தூரத்தில் நின்று ஆணை கொடுத்தார். கொல்லுங்கள் என்று அவர் எழுதிய கட்டளை எதுவும் கிடைக்கவில்லை. தென்னவர் படையைச் சேர்ந்த இருவர் எழுதிய கடிதங்கள் உள்ளன. இருவரும் அதே வாரத்தில், தம் குடும்பத்தாருக்கு, வெளியார் படிப்பார் என்ற எண்ணமின்றி எழுதினார்கள். சார்ஜெண்டு ஒருவர் தம் சகோதரிகளுக்கு எழுதுகிறார்: தாமும் வேறு சிலரும் கொலையைத் தடுக்க முயன்றதாகவும், ஓரளவு வெற்றியும் கண்டதாகவும், ஆனால் ஃபாரஸ்ட் அவர்களை நாய்களைப்போலச் சுட்டுத்தள்ளும்படி ஆணையிட்டதால் கொலை தொடர்ந்ததாகவும் கூறுகிறார். மருத்துவர் ஒருவர் தம் மனைவிக்கு எழுதுகிறார்: ஃபாரஸ்ட் வாளும் துப்பாக்கியும் ஏந்தி இடையில் ஓடிவந்து தடுத்திராவிட்டால் ஒருவர்கூட மிஞ்சியிருக்கமாட்டார் என்கிறார். இரண்டும் ஒரே பக்கத்துச் சாட்சியம்; இரண்டுக்கும் பொய் சொல்லக் காரணமில்லை. அன்று மாலையின் வெவ்வேறு கணங்களில் இரண்டும் நடந்திருக்கக்கூடும். எது முன், எது பின் என்று இன்று யாராலும் அறுதியிட முடியாது.

அவருக்காக வாதாடுவோர் மற்றொன்றையும் கூறுவர். கோட்டையின் கொடி இறக்கப்படவில்லை. முறைப்படி சரணாகதி இல்லை. காவலர் சிலர் ஓடிக்கொண்டே சுட்டனர். ஆகவே போர் முடியவில்லை என்பர். கொடி இறங்கவில்லை என்பது உண்மைதான். ஆனால் கொடிக்கயிறு ஆற்றங்கரையில் மண்டியிட்டுக் கிடந்தவன் கையில் இல்லை. கோட்டை சரணடைவது வேறு, மனிதன் சரணடைவது வேறு. ஆயுதத்தைக் கீழே வைத்த ஒருவனின் உயிர், மேட்டின்மேல் பறக்கும் துணியைப் பொறுத்ததன்று.

ஆகவே, ஆணையிட்டாரா இல்லையா என்ற ஒரே வினாவோடு நின்றால் நாம் வழியறியாது திகைப்போம். தலைமையாசிரியராக இருந்தவன் என்ற முறையில் ஒன்று சொல்வேன். பள்ளியில் பெரிய பிள்ளைகள் ஒரு சிறுவனை அடித்துவிட்டால், மேலதிகாரி வந்து, அடிக்கும்படி நீர் உத்தரவிட்டீரா என்று கேட்பதில்லை. அவர்களிடையே பகை இருப்பது உமக்குத் தெரியாதா, முன்னதாக என்ன செய்தீர், பின்னர் யாரை விசாரித்தீர் என்றே கேட்பார். ஒரு சேனாதிபதியிடம் இதைவிடக் குறைவாகக் கேட்பது எப்படி நியாயமாகும்?

அவ்வாறு கேட்டால் ஃபாரஸ்டின் ஏடே விடை தருகிறது. பில்லோ கோட்டைக்கு ஏறத்தாழ மூன்று வாரம் முன்னர், மார்ச் 25-ஆம் நாள், கென்டக்கி மாகாணத்துப் பதூக்கா என்ற ஊரில் அவர் ஐக்கியப் படையை முற்றுகையிட்டார். அங்கும் கறுப்பின வீரர் இருந்தனர். சரணடையாவிட்டால், கோட்டையைத் தாக்கிப் பிடிக்க நேர்ந்தால், உயிர்ப்பிச்சையை எதிர்பார்க்கவேண்டாம் என்று அங்கே வெளிப்படையாகவே எழுதினார். அந்தக் காவலர்கள் பணியவில்லை, கோட்டையும் விழவில்லை. ஆகவே வாக்கு சோதிக்கப்படவில்லை. மிரட்டிக் காரியம் சாதிப்பது அவர் வழக்கம், சொன்னதையெல்லாம் செய்ய நினைத்தவரல்லர் என்று சிலர் கூறுவதுண்டு. இருக்கலாம். ஆனால் தளபதி மிரட்டுவதற்காகச் சொல்வதைச் சிப்பாய் வாக்குறுதியாகக் கேட்கிறான்.

நடந்தபின் அவர் என்ன செய்தார்? எவனையும் விசாரித்ததாகவோ தண்டித்ததாகவோ செய்தி இல்லை. அன்று மாலையே படைப்பிரிவுத் தலைவர் சாமர்ஸ் என்பவரிடம் இடத்தை ஒப்படைத்துவிட்டு அவர் புறப்பட்டார். மறுநாள் காலையிலும் காயம்பட்டுக் கிடந்தோர் சுடப்பட்டனர் என்று பிழைத்தோர் சாட்சி கூறினர். மூன்றாம் நாள் மேலிடத்துக்கு எழுதிய அறிக்கையில், ஆறு 200 கெஜ தூரம் இரத்தத்தாற் சிவந்தது என்றும், கறுப்பினப் படையினர் தென்னவர்முன் நிற்கமாட்டார் என்பதை வடநாட்டார் இதிலிருந்து உணர்வர் என நம்புவதாகவும் குறித்தார். தடுக்க முயன்று தோற்ற ஒருவரின் மொழியா இது? சூன் 23-ஆம் நாள் ஐக்கியப் படைத்தலைவர் வாஷ்பர்னுக்கு எழுதிய கடிதம் இன்னும் தெளிவானது. பிடிபட்ட கறுப்பரைத் தாம் போர்க்கைதிகளாகக் கருதுவதில்லை, கைப்பற்றிய பிற உடைமைகளைப்போலவே கருதுவதாக எழுதினார். அப்படியானால் ஏப்ரல் 12-ஆம் நாள் வெள்ளைக்கொடியோடு அனுப்பிய வாக்குறுதியின் மதிப்பு என்ன? தளபதியே உடைமை என்று கருதுபவனைச் சிப்பாய் மனிதனாகக் கருதவேண்டும் என்று எதிர்பார்ப்பது எப்படி? லீபர் சொன்ன ஊக்குதல் என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான உரை எனக்குத் தோன்றவில்லை.

பொறுப்பு எதிர்ப்பக்கத்தோடு முடிந்துவிடவில்லை. அக்கோட்டையைக் கைவிடவேண்டும் என்பது ஐக்கியப் படைத்தலைவர் ஷெர்மனின் எண்ணம். மெம்ஃபிஸில் இருந்த ஜெனரல் ஹர்ல்பட் அதை வைத்துக்கொண்டார். போதிய துணைப்படை அனுப்பவும் இல்லை. பிராட்ஃபோர்டு பணிந்திருந்தால் பலர் பிழைத்திருப்பர் என்று சொல்வது எளிது. ஆனால் தம் கறுப்பின வீரரை எதிரி எப்படி நடத்துவான் என்பதில் ஐயம் கொள்ள அவருக்கு எல்லாக் காரணமும் இருந்தது. பிராட்ஃபோர்டும் பிடிபட்டார், சில நாட்களில் கைதியாக இருக்கும்போதே சுட்டுக்கொல்லப்பட்டார்.

காயத்தோடு பிழைத்தவர்கள் ஆற்றுவழியே இல்லினாய் மாகாணத்து மவுண்டு ஸிட்டி மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். காங்கிரஸ் சபையின் குழுவிலிருந்து வேட், கூச் என்ற இரு உறுப்பினர் அங்கே சென்று, படுக்கையருகில் அமர்ந்து வாக்குமூலம் எழுதிக்கொண்டனர். அக்காலத்தில் இல்லினாய் மாகாண நீதிமன்றத்தில் வெள்ளையனுக்கு எதிராகக் கறுப்பன் சாட்சி சொல்ல முடியாது. அச்சட்டம் 1865-இல்தான் நீக்கப்பட்டது. அம்மாகாணத்து மருத்துவமனைக் கட்டிலில் கிடந்த முன்னாள் அடிமையின் சொல்லை நாட்டின் சட்டசபை அச்சிட்டு வெளியிட்டது. அவ்வறிக்கையிற் சில பகுதிகள் மிகைப்பட்டவை. போர்க்காலப் பிரசாரத்தின் சாயல் அதில் உண்டு. அதைக் காட்டியே நெடுங்காலம் படுகொலை முழுவதையும் கட்டுக்கதை என்று ஒதுக்கியவர் இருந்தனர். மிகைக்கூற்று உண்மைக்குச் செய்யும் தீங்கு இதுதான். முன்சொன்ன சார்ஜெண்டின் கடிதமும் படைப்பதிவேட்டுக் கணக்குகளும் இராவிட்டால் இன்றும் அந்த வாதம் ஓய்ந்திராது.

இப்பொழுது லிங்கனின் நிலையைப் பாருங்கள். ஏப்ரல் 18-ஆம் நாள் பால்டிமோர் நகரில் பேசும்போது, கறுப்பரைப் படையிற் சேர்த்த பொறுப்பு தம்முடையதே என்றும், அதற்குத் தம் மக்களுக்கும், வரலாற்றுக்கும், இறுதியில் ஆண்டவனுக்கும் தாம் விடை கூறக் கடமைப்பட்டவர் என்றும் சொன்னார். படுகொலை மெய்ப்பிக்கப்பட்டால் தக்க பதிலடி உண்டு என்றார். நேருக்கும் கதிக்கு நான் பொறுப்பாளியல்லேன் என்று ஒருவர் எழுதி ஆறே நாளில், மற்றொருவர் பொறுப்பு என்னுடையது என்று மேடையில் நின்று கூறினார். மே மாதம் 3-ஆம் நாள் அமைச்சர் எழுவரிடமும் எழுத்தில் கருத்துக் கேட்டார். மாண்டவர் தொகைக்கு ஈடாகத் தென்னவர் கைதிகளைப் பிணையாகத் தனியே வைக்கவேண்டும் என்றனர் நால்வர். குற்றமற்ற கைதியை மற்றவன் செயலுக்காகக் கொல்லலாகாது, ஃபாரஸ்டும் அவர் படையினரும் பிடிபட்டால் அவர்களைத் தண்டிக்கலாம் என்றனர் மூவர்.

எவன் செய்தான் என்று தெரியாதபோது வகுப்பு முழுவதையும் பெஞ்சின்மேல் ஏற்றி நிறுத்தும் ஆசிரியர்களை நீங்கள் கண்டிருப்பீர்கள். அதில் கால் வலிப்பது யாருக்கு என்பதும் உங்களுக்குத் தெரியும். அங்கே வலி காலோடு போகும். இங்கே தலையோடு போகும். முந்தைய ஆண்டில் ஃபிரெடரிக் டக்ளஸ் என்னும் கறுப்பினத் தலைவர் இதே பொருள் பற்றி லிங்கனிடம் பேசியபோது, பழிக்குப்பழி தொடங்கிவிட்டால் அது எங்கே போய் முடியும் என்று யாருக்குத் தெரியும் என அவர் தயங்கியதாக டக்ளஸ் எழுதியிருக்கிறார். 1864 மே மாதத்திலும் அத்தயக்கமே வென்றது. வர்ஜீனியாவில் பெரும்போர் மூண்டது. ஆணை வரைவோடு நின்றது. பில்லோ கோட்டைக்காக ஒரு கைதியும் கொல்லப்படவில்லை. குற்றவாளி ஒருவரும் நீதிமன்றம் ஏறவில்லை. முன்னதை நான் போற்றுகிறேன். பின்னதைப் போற்ற இயலவில்லை.

அரசு செய்யாத பழியைச் சிப்பாய்கள் தாமே செய்தனர். ஏப்ரல் 30-ஆம் நாள் ஆர்க்கன்ஸா மாகாணத்தில் நடந்த ஜெங்கின்ஸ் துறைப் போரில் கறுப்பினப் படையினர் காயம்பட்ட தென்னவரைக் கொன்றனர். அதற்குப் பன்னிரண்டு நாள் முன்பு அதே மாகாணத்துப் பாய்சன் ஸ்பிரிங்கில் அவர்களுடைய தோழர்கள் அவ்வாறே கொல்லப்பட்டிருந்தனர். தண்டிக்கவேண்டியவன் தண்டிக்காதபோது தண்டனை தெருவுக்கு வந்துவிடுகிறது.

ஆனால் ஒரு செய்தியில் வடவர் உறுதியாக நின்றனர். கைதிகளைப் பரிமாறுவதானால் நிறவேற்றுமையின்றிப் பரிமாறவேண்டும், இல்லையேல் பரிமாற்றமே இல்லை என்று ஏப்ரல் 17-ஆம் நாள் ஜெனரல் கிராண்ட் ஆணையிட்டார். பரிமாற்றம் நின்றால் ஆட்பலம் குன்றிய தென்னவருக்கே நட்டம் என்ற கணக்கும் அவருக்கு இருந்தது. இந்த உறுதிக்கு விலை கொடுத்தவர் சிறையிலிருந்த ஐக்கிய வீரர்களே. ஜார்ஜியா மாகாணத்து ஆண்டர்சன்வில் சிறையில் மட்டும் ஏறத்தாழ 13,000 பேர் பசியாலும் நோயாலும் மடிந்தனர். அச்சிறையின் தலைவர் காப்டன் வெர்ஸ் 1865 நவம்பர் 10-ஆம் நாள் தூக்கிலிடப்பட்டார். காப்டன் தூக்குமேடை ஏறினார். ஜெனரல் ஃபாரஸ்ட் 1868-இல் அதிபர் ஜான்ஸனிடம் மன்னிப்புப் பெற்றார். கூ கிளக்ஸ் கிளான் என்னும் வெள்ளையர் இரகசியக் கூட்டத்தின் முதல் பெருந்தலைவராகவும் விளங்கி, 1877-இல் மெம்ஃபிஸில் இறந்தார். சாமர்ஸ் மிஸிஸிப்பி மாகாணத்திலிருந்து காங்கிரஸ் சபைக்கே தேர்ந்தெடுக்கப்பட்டார்.

சட்டம் இவ்வினாவை நேருக்குநேர் சந்தித்தது எண்பதாண்டுகளுக்குப் பின்னரே. சிங்கப்பூரிலும் மலாயாவிலும் உறவினர் இருந்த தமிழ்க் குடும்பங்களுக்கு யமாஷிடா என்ற பெயர் தெரிந்திருக்கும். 1942-இல் அந்நாடுகளைக் கைப்பற்றிய ஜப்பானியத் தளபதி அவர். 1945-இல் பிலிப்பைன்ஸ் தீவுகளில் அவர் தலைமையின்கீழ் இருந்த படைகள் மணிலா நகரில் பல்லாயிரம் குடிமக்களைக் கொன்றன. அவர் கொல்லச் சொன்னார் என்று அமெரிக்க இராணுவ நீதிமன்றம் தீர்ப்பிடவில்லை; அடக்கத் தவறினார் என்றே தீர்ப்பிட்டது. தொடர்புகள் அறுந்த நிலையில் மலையில் இருந்த தமக்கு ஒன்றும் தெரியாது என்றார் அவர். அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1946-இல் தலையிட மறுத்தது. மர்ஃபி, ரட்லெட்ஜ் என்ற இரு நீதிபதிகள் கடுமையாக மாறுபட்டு எழுதினர். யமாஷிடா தூக்கிலிடப்பட்டார். அம்மாறுபாட்டுத் தீர்ப்பில் நியாயம் உண்டென்பது என் கருத்து. அறியவே வழியில்லாதவனைத் தண்டிப்பது நீதியாகாது. 1998-இல் ரோம் நகரில் வகுக்கப்பட்ட அனைத்துலகக் குற்றவியல் நீதிமன்றச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு இதைச் சீர்ப்படுத்தியது. படைத்தலைவன் அறிந்திருந்தானா, அல்லது அறிந்திருக்கவேண்டிய நிலையில் இருந்தானா, தடுக்கவோ தண்டிக்கவோ தன்னால் இயன்றதைச் செய்தானா என்று அது கேட்கிறது. அச்சட்டத்தில் அமெரிக்காவும் சேரவில்லை, இந்தியாவும் சேரவில்லை. 400 கெஜ தூரத்தில் நின்றவர், அன்றே கோட்டைக்குள் வந்தவர், மூன்றாம் நாள் ஆற்றின் நிறத்தை வருணித்தவர், இந்த அளவுகோலின்முன் என்ன சொல்வார் என்பதை நீங்களே எண்ணிப் பாருங்கள்.

மெம்ஃபிஸ் நகரப் பூங்காவில் குதிரைமீது அமர்ந்த கோலத்தில் நெடுங்காலம் நின்ற ஃபாரஸ்டின் சிலை 2017-இல் அகற்றப்பட்டது. கோட்டையில் மாண்டவர்களின் எச்சங்கள் 1860-களிலேயே மெம்ஃபிஸ் தேசியக் கல்லறைக்கு மாற்றப்பட்டன. பெரும்பாலான கற்களில் பெயர் இல்லை.

இன்னொரு செய்தி உண்டு. சரித்திர நூல்களில் அதற்கு அரைவரிகூடக் கிடைப்பதரிது. மேஜர் பூத்தின் மனைவி, கணவரை இழந்த சில வாரங்களில் வாஷிங்டன் சென்று லிங்கனைக் கண்டார். தமக்கு உதவிச்சம்பளம் கிடைக்கும். தம் கணவரோடு மாண்ட கறுப்பின வீரரின் மனைவியர்க்கோ கிடைக்காது. காரணம், அடிமைகளின் திருமணத்தை எந்தச் சட்டமும் திருமணம் என்று ஏற்கவில்லை. ஆகவே சட்டத்தின் கண்ணில் அவர்கள் விதவையரே அல்லர். அவர்கள் பிள்ளைகளுக்குத் தந்தையும் இல்லை. லிங்கன் மே 19-ஆம் நாள் செனட்டர் ஸம்னருக்கு ஒரு கடிதம் எழுதி அதை அந்த அம்மையார் கையிலேயே கொடுத்தனுப்பினார். அவ்வீரர்களின் மனைவி மக்களை, திருமணம் சட்டப்படி நடந்ததாகவே கொண்டு, சட்டத்தில் சேர்க்கவேண்டும் என்பது அக்கடிதத்தின் பொருள். 1864 சூலை மாதத்தில் காங்கிரஸ் சபை அதற்கு வழிசெய்து சட்டம் இயற்றியது. அதன்பின் அப்பெண்கள் உதவிச்சம்பளம் கேட்டு மனு எழுதினார்கள். அம்மனுக்களில் தம் கணவரின் பெயரையும், அவர் சேர்ந்த படையையும், அவர் மாண்ட இடம் பில்லோ கோட்டை என்பதையும் எழுதினார்கள்.